பேசாமல் நடந்த இரண்டு மணி நேரம்

"காட்டுக்குள்ள நடக்கறதுக்குப் பணம் வேற கட்டோணுமா? நம்ம தோட்டத்துக்குள்ள நடந்தா ஆகாதா?" என்று என் நங்கை கேட்டபோது எனக்கும் அதே சந்தேகம்தான். (நங்கை என்றால் அண்ணன் மனைவி. எங்கள் கோவைப் பக்கத்தில் அப்படித்தான் கூப்பிடுவோம்.) அண்ணன் மகன்தான் விடவில்லை. "அத்தை, ஒரு தடவை வந்து பாருங்க. டாப்ஸ்லிப்ல காட்டிலாகா ஆளே கூட வந்து கூட்டிட்டுப் போவாரு. பொறவு வேண்டாம்னா நான் கேக்கவே மாட்டேன்" என்றான்.

நான் பொள்ளாச்சிக்குப் போனது காடு பார்க்க அல்ல. ஆனைமலை மாசாணியம்மனுக்கு ஒரு வேண்டுதல் இருந்தது. அதைச் சொல்லத் தொடங்கினால் என் தப்பையும் சொல்லியாக வேண்டும். சொல்லிவிடுகிறேன். இதைப் படிக்கிற சகோதரிகளில் இப்படி ஒரு வார்த்தையை வாய் தவறி விட்டவர்கள் என்னைத் தவிர வேறு யாரும் இருக்கமாட்டார்கள் என்று நான் நினைக்கவில்லை.

என் மகள் பிளஸ் டூ எழுதினாள். நாங்கள் எதிர்பார்த்த மார்க் வரவில்லை. சரி, பி.காம். சேர் என்று அவள் அப்பா விண்ணப்பம் வாங்கி வந்தார். மாட்டேன் என்றாள். என்னதான் படிக்கிறாய் என்றால் அதற்கும் பதில் இல்லை. மற்ற பெண்களெல்லாம் பையை மாட்டிக்கொண்டு கல்லூரிக்குப் போக, இவள் ஜன்னல் ஓரத்தில் உட்கார்ந்திருந்தாள். அக்கம் பக்கத்தில் விசாரிப்பவர்களுக்குப் பதில் சொல்லி எனக்கு வாய் வலித்தது. ஆனி மாதக் கடைசியில் ஒரு ராத்திரி, போட்ட சோற்றைத் தொடாமல் எழுந்தாள். அன்றைக்கு மாவாட்டி, துணி துவைத்து, இடுப்பு விட்டுப் போயிருந்தது எனக்கு. "நீ பொறக்காமயே இருந்திருந்தா நான் நிம்மதியா இருந்திருப்பேன்" என்று சொல்லிவிட்டேன்.

அவள் அழவில்லை. தட்டைக் கழுவிக் கவிழ்த்து வைத்துவிட்டுப் போய்ப் படுத்துவிட்டாள். மறுநாளிலிருந்து என்னிடம் மூன்றே வார்த்தை: "ம்", "சரி", "வேண்டாம்". பால்காரர் வராத நாளைக் காலண்டரில் குறிப்பது போல நான் மனசுக்குள் குறித்துக்கொண்டே வந்தேன். நாங்கள் டாப்ஸ்லிப் போன அன்று 46-வது நாள்.

மாசாணியம்மன் கோயிலில் அநியாயம் செய்தவர்கள் மேல் மிளகாய் அரைத்துப் பூசுகிற வழக்கம் உண்டு. பொருளைத் திருட்டுக் கொடுத்தவர்கள், ஏமாற்றப்பட்டவர்கள் அங்குள்ள ஆட்டுக்கல்லில் மிளகாயை அரைத்து நீதிக் கல்லில் பூசிவிட்டு, இனி அவள் பாடு என்று வந்துவிடுவார்கள். வெள்ளிக்கிழமை கூட்டத்தில் நின்று மல்லாந்து படுத்திருக்கும் அம்மனைக் கும்பிட்டுவிட்டு வெளியே வந்தபோது, ஒரு அம்மாள் கண்ணில் நீர் வழிய மிளகாய் அரைத்துக்கொண்டிருந்தாள். நான் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டே நின்றேன். நான் அரைப்பதானால் யார் பேரைச் சொல்லி அரைப்பது?

மறுநாள் சனிக்கிழமை காலை கிளம்பினோம். பொள்ளாச்சியிலிருந்து டாப்ஸ்லிப் சுமார் 35 கிலோமீட்டர். வேட்டைக்காரன்புதூர் வரைக்கும், அதற்கு மேலும், தென்னந்தோப்புதான். சேத்துமடை சோதனைச் சாவடியில் வண்டியை நிறுத்திப் பையைப் பார்க்கிறார்கள். பிளாஸ்டிக் கொண்டுபோகக் கூடாது. நங்கை புளிச்சோறு கட்டியிருந்த பிளாஸ்டிக் பையைப் பிரித்து வாழை இலைக்கு மாற்றினோம். அதற்கப்புறம் மலைப்பாதை. மகள் முன் சீட்டில் உட்கார்ந்து வெளியே பார்த்துக்கொண்டு வந்தாள். நான் அவள் பின்னலைப் பார்த்துக்கொண்டு வந்தேன்.

டாப்ஸ்லிப் என்ற பேருக்கு என் மருமகன்தான் விளக்கம் சொன்னான். வெள்ளைக்காரன் காலத்தில் இந்த மலையில் தேக்கு மரங்களை வெட்டி, உச்சியிலிருந்து சரிவில் உருட்டி விடுவார்களாம். மேலேயிருந்து சறுக்கிவிட்ட இடம் என்பதுதான் பேராக நின்றுவிட்டது. கீழே போன மரம் கப்பல் கட்டவும் ரயில் பாதைக்கும் போயிற்று. பிற்பாடு இதே காடு 1976-ல் சரணாலயமாகவும், 2007-ல் புலிகள் காப்பகமாகவும் ஆயிற்று.

அங்கே ஒரு பெரிய புல்வெளி. புள்ளிமான்கள் நம் ஊர் ஆடு மாதிரி மேய்கின்றன. காட்டுப்பன்றி ஒன்று குட்டிகளோடு வந்தது. நங்கைக்கு முட்டிவலி, "நான் இங்கயே உக்காந்து மானைப் பார்த்துக்கறேன். நீங்க போயிட்டு வாங்க" என்று புளிச்சோற்றுப் பையோடு திண்ணையில் உட்கார்ந்துவிட்டாள். (குரங்கு வந்து பையைப் பிடித்து இழுத்த கதையைத் திரும்பி வந்ததும் அரை மணி நேரம் கேட்டோம்.) அலுவலகத்தில் பேர் எழுதிப் பணம் கட்டி ஆன பிறகு எங்களுக்கு ஒரு வழிகாட்டியைக் கொடுத்தார்கள்.

ஐம்பது வயதிருக்கும் அவருக்கு. காக்கிச் சட்டை, கையில் ஒரு கம்பு. மலைமலசர் இனத்தவர். இந்த மலையில் காடர், மலசர், மலைமலசர், புலையர், முதுவர், எரவாளர் என்று பல இனத்து மக்கள் தலைமுறை தலைமுறையாக இருக்கிறார்கள். பக்கத்துக் கோழிகமுத்தி யானை முகாமில் யானைப் பாகர்களாக இருப்பவர்களிலும் மலைமலசர்கள் நிறைய. இவருடைய அப்பாவும் யானையோடு இருந்தவராம்.

அவர் என்னைத் தலையிலிருந்து கால் வரை ஒரு பார்வை பார்த்தார். நான் போயிருந்த கோலம் அப்படி. அரக்கு நிறச் சேலை, தலையில் நாலு முழம் மல்லிகை, காலில் மகனுடைய கான்வாஸ் ஷூ.

"அம்மா, பூவை எடுத்து வெச்சிருங்க. வாசம் காத்துல ரொம்ப தூரம் போகும்" என்றார். பூ நங்கையின் தலைக்குப் போயிற்று. சேலையின் பளபளப்பை மறைக்க மருமகனின் சாம்பல் நிறத் துண்டைப் போர்த்திக்கொண்டேன். கையிலிருந்த கண்ணாடி வளையலையும் ஒரு தடவை பார்த்தார். ஆனால் ஒன்றும் சொல்லவில்லை. சுமங்கலிப் பெண்ணிடம் வளையலைக் கழற்று என்று சொல்ல அவருக்குச் சங்கடமாக இருந்திருக்க வேண்டும். எனக்கும் அப்போது தோன்றவில்லை.

"ஒருத்தர் பின்னால ஒருத்தர் வாங்க. போனை அணைச்சிருங்க. பேசக் கூடாது. நான் கையைத் தூக்கினா அப்படியே நின்னுக்கணும். நான் சொல்லாம யாரும் ஓடக் கூடாது." அவ்வளவுதான் சட்டம். அவர் முன்னால், பிறகு மகள், பிறகு நான், கடைசியில் மருமகன்.

பேசக் கூடாது என்றதும் என் மனசில் என்ன ஓடியது தெரியுமா? நிம்மதி. இந்த 46 நாளில் அவளிடம் என்ன பேசுவது, எப்படித் தொடங்குவது என்று நினைத்து நினைத்தே நான் களைத்திருந்தேன். இங்கே பேசாமல் இருப்பது சட்டமே ஆகிவிட்டது. இனி இரண்டு மணி நேரத்துக்கு அவள் பேசாதது என் குற்றமும் இல்லை, அவள் குற்றமும் இல்லை.

முதலில் தேக்கு மரங்கள். ஒரே உயரத்தில் வரிசையாக நின்றன. வழிகாட்டி ஒரு தளிர் இலையைக் கிள்ளி உள்ளங்கையில் தேய்த்துக் காட்டினார். மருதாணி வைத்தது போலச் சிவந்தது. மகளும் தேய்த்துப் பார்த்தாள். உள்ளங்கையைப் பார்த்துச் சிரித்தாள். என்னைப் பார்த்து அல்ல, கையைப் பார்த்து. அது போதும் என்றிருந்தது எனக்கு.

இந்தத் தேக்கு வந்த கதையும் உண்டு. கப்பலுக்கும் ரயிலுக்கும் என்று வெட்டி வெட்டி மலை மொட்டையாகப் போயிருந்த காலத்தில், சுமார் நூறு வருஷத்துக்கு முன், ஹ்யூகோ உட் என்ற ஆங்கிலேய வன அதிகாரி இங்கே வந்தார். அடிமரத்தை விட்டு வெட்டினால் அது திரும்பத் துளிர்க்கும் என்று வெட்டும் முறையையே மாற்றினார். நடக்கும்போதெல்லாம் சட்டைப் பையில் தேக்கு விதையை நிரப்பிக்கொண்டு, கைத்தடியால் மண்ணில் குழி குத்தி ஒவ்வொன்றாகப் போட்டுக்கொண்டே போவார் என்று இன்றைக்கும் இங்கே சொல்லுகிறார்கள். 1933-ல் இறந்தார். அவர் ஆசைப்படியே இந்த மரங்களுக்கு நடுவில்தான் அடக்கம் செய்திருக்கிறார்கள். கல்லறையில் லத்தீனில் எழுதியிருப்பதை மருமகன் பிற்பாடு எனக்குச் சொன்னான். என் நினைவுச் சின்னத்தைத் தேடுகிறவன் சுற்றிலும் பார்க்கட்டும் என்று அர்த்தமாம்.

தேக்கைத் தாண்டி கரியன் சோலைப் பக்கம் திரும்பியதும் வெளிச்சம் குறைந்தது. குளிர்ந்த அறைக்குள் நுழைவது போலிருந்தது. காலடியில் மெத்தை மாதிரி இலைச் சருகு. மழை நின்று இரண்டு நாள்தான் ஆகியிருந்ததால் எல்லாவற்றிலும் ஈர மண் வாசனை. காடு என்றால் சத்தமே இருக்காது என்றுதான் நான் நினைத்திருந்தேன். அப்படி இல்லை. சில்வண்டு இரைகிறது, நிற்கிறது, மறுபடி இரைகிறது. எங்கேயோ கருமந்தி "ஊம், ஊம்" என்று முழங்கியது. தலைக்கு மேலே மலை அணில் ஒன்று கிளைக்குக் கிளை தாவிற்று. நம் வீட்டு அணில் மாதிரி நினைக்க வேண்டாம். வாலோடு சேர்ந்தால் இரண்டரை மூன்றடி இருக்கும், கருஞ்சிவப்பு நிறம்.

திடீரென்று மேலே "புஸ்ஸ், புஸ்ஸ்" என்று பழைய கரி ரயில் மூச்சு விடுவது போல ஒரு சத்தம். நான் பயந்தே போனேன். வழிகாட்டி மேலே கையைக் காட்டினார். கறுப்பும் வெள்ளையுமாக, மஞ்சள் மூக்குக்கு மேல் தொப்பி வைத்தது போல ஒரு பெரிய பறவை மரங்களுக்கு மேலே போயிற்று. இருவாச்சி. அத்தனை சத்தமும் அதன் இறக்கையில் காற்று புகுகிற சத்தம்தான்.

கொஞ்ச தூரம் போய் ஒரு கிழட்டு மரத்தின் கீழே நிறுத்தி, மிக உயரத்தில் இருந்த ஒரு பொந்தைக் காட்டினார். குசுகுசுவென்று சொன்னார். தை, மாசி வாக்கில் பெண் இருவாச்சி அந்தப் பொந்துக்குள் போய் உட்கார்ந்து, தன் எச்சத்தாலும் மண்ணாலும் வாசலைத் தானே அடைத்துவிடுமாம். மூக்கு நீட்டும் அளவுக்கு ஒரு கீற்று மட்டும் விடும். உள்ளே முட்டையிட்டு அடைகாக்கும். இறகெல்லாம் உதிர்ந்து புதிதாக முளைக்கும். அத்தனை மாதமும் ஆண் பறவைதான் அத்திப்பழமும் மற்றதும் கொண்டுவந்து அந்தக் கீற்று வழியே ஊட்ட வேண்டும். ஆண் பறவையை யாராவது வேட்டையாடிவிட்டால் உள்ளே இருப்பவை பட்டினிதான். பெரிய பெரிய கிழட்டு மரங்களில்தான் இத்தனை பெரிய பொந்து அமையும் என்பதால், அந்த மரம் போனால் பறவையும் போய்விடும்.

அப்போது என் மகள் அவரைக் கேட்டாள்: "உள்ள போய் அடைச்சுக்கிட்ட பின்னால அதுக்கு மனசு மாறிட்டா?"

அவர் சிரித்தார். "உடைச்சுட்டு வெளிய வந்துரும் பாப்பா. அது கட்டின சுவருதானே."

46 நாளைக்கப்புறம் அவள் வாயிலிருந்து ஒரு முழு வாக்கியம் கேட்டேன். என்னிடம் இல்லாவிட்டால் என்ன! அடுப்படியில் அடைபட்ட என்னை அந்தப் பறவையோடு ஒப்பிட்டுக் கண் கலங்கினேன் என்று எழுதினால் அழகாக இருக்கும். உண்மை அதுவல்ல. பி.காம். விண்ணப்பத்தில் அவள் கையெழுத்துப் போட வேண்டிய இடத்தில் பேனாவைத் திணித்தது ஞாபகம் வந்தது.

அங்கிருந்து மூங்கில் இருக்கும் ஒரு சரிவில் இறங்கினோம். வழிகாட்டி சட்டென்று நின்று கையைத் தூக்கினார். பாதையில் யானைச் சாணம். சாணியில் ஈரமே காயவில்லை. லேசாக ஆவி வந்தது. குனிந்து ஒரு பிடி காய்ந்த மண்ணை எடுத்து விரல் வழியே விட்டார். அது எங்கள் பக்கமாகவே பறந்து வந்தது. காற்று எங்களை நோக்கி அடிக்கிறது, எங்கள் வாசம் அந்தப் பக்கம் போகாது என்று அவருக்குத் திருப்தி.

பிறகுதான் கேட்டது. மூங்கில் ஒடிகிற சத்தம். "படீர்" என்று பட்டாசு மாதிரி. கொஞ்ச நேரம் ஒன்றுமில்லை. மறுபடி. அதோடு வயிற்றுக்குள்ளிருந்து வருவது போல ஒரு உறுமல். கண்ணுக்கு எதுவும் தெரியவில்லை. மூங்கில் நுனி ஆடுவது மட்டும் தெரிந்தது. எத்தனை யானையோ! குட்டியோடு இருந்தால் கிட்டேயே போகக் கூடாது என்று அவர் முதலிலேயே சொல்லியிருந்தார்.

என் முழங்கால் நடுங்கியது. முழங்கால் நடுங்கினால் கை நடுங்கும். கை நடுங்கினால் கண்ணாடி வளையல் சும்மா இருக்குமா? அந்த நிசப்தத்தில் "கிணிங், கிணிங்" என்று என் வளையல் சத்தம் எனக்கே கோயில் மணி மாதிரி கேட்டது. வழிகாட்டி திரும்பிப் பார்த்தார். நான் கையை வயிற்றோடு அழுத்தினேன். அப்போதும் நிற்கவில்லை.

மகள் மெதுவாகத் திரும்பினாள். தன் இரண்டு கைகளாலும் என் இரண்டு மணிக்கட்டையும் வளையலோடு சேர்த்து இறுக்கிப் பிடித்துக்கொண்டாள். சத்தம் நின்றது.

எத்தனை நேரம் அப்படி நின்றோம் என்று தெரியாது. மருமகன் பத்து நிமிஷம் என்றான். அவள் முகம் என் முகத்துக்கு எதிரே ஒரு முழம் தூரத்தில் இருந்தது. நெற்றியில் ஒரு புதுப் பரு. கண்ணுக்குக் கீழே கருமை. ஒன்றரை மாதமாக ஒரே வீட்டில் இருந்தும் நான் அவள் முகத்தை நேராகப் பார்க்கவில்லை என்பது அப்போதுதான் உறைத்தது. பரீட்சை, மார்க், விண்ணப்பம் இவற்றைத்தான் பார்த்திருக்கிறேன். அவள் உள்ளங்கை வேர்த்திருந்தது. அவளுக்கும் பயம்தான்.

சத்தம் மெல்ல மெல்லச் சரிவின் அந்தப் பக்கம் நகர்ந்தது. வழிகாட்டி, வந்த வழியே திரும்பலாம் என்று சைகை காட்டினார். கடைசி வரைக்கும் ஒரு யானையின் வாலைக்கூட நாங்கள் பார்க்கவில்லை. மகள் என் ஒரு கையை விட்டாள். இன்னொன்றை, தேக்கு மரங்கள் வரும் வரைக்கும் விடவில்லை. பாதை ஒற்றையடிப் பாதையானதால் அவள் கையைப் பின்னால் நீட்டிக்கொண்டே நடந்தாள்.

டாப்ஸ்லிப் புல்வெளிக்கு வந்து திண்ணையில் உட்கார்ந்தபோதுதான் நங்கை அலறினாள், "ஏ அம்மிணி, கால்ல ரத்தம்!" என்று. ஷூவுக்கு மேலே கணுக்காலில் அட்டை ஒன்று, விரல் பருமனுக்கு உப்பிப்போய்த் தொங்கியது. எனக்கு வலியே தெரியவில்லை. பிடுங்கப் போன என்னைத் தடுத்து, வழிகாட்டி சொல்லச் சொல்ல மகளே நகத்தை அதன் வாய் ஓரத்தில் கொடுத்துத் தள்ளினாள். விழுந்துவிட்டது. பிடித்து இழுத்தால் வாய்ப்பகுதி புண்ணாகுமாம். அட்டை கடிக்கும்போது ரத்தம் உறையாதபடி ஒரு நீரைச் செலுத்துவதால், அது விழுந்த பிறகும் வெகு நேரம் ரத்தம் கசியும். பார்த்துப் பயப்பட வேண்டியதில்லை. சோப்புப் போட்டுக் கழுவி, சுத்தமான துணியால் அழுத்திக் கட்டினால் போதும். மழைக்காலத்தில் போகிறவர்கள் காலுறையை மேலே இழுத்துப் பாவாடைக்கு அடியில் நன்றாகக் கட்டிக்கொள்வது நல்லது. நான் கட்டவில்லை.

அவள் தன் கைக்குட்டையைக் கட்டிக்கொண்டிருந்தபோது, குனிந்திருந்த தலையைப் பார்த்து மெதுவாகச் சொன்னேன். "கண்ணு, அன்னிக்கு ராத்திரி நான் சொன்னது..."

"வேண்டாம்மா" என்றாள், முடிச்சைப் போட்டுக்கொண்டே. "திரும்பச் சொன்னா திரும்பக் கேட்ட மாதிரி ஆயிடும்."

நான் சொல்லவில்லை. நங்கை புளிச்சோற்றில் மிச்சமிருந்ததை இலையில் வைத்தாள். அதை அவள் சாப்பிட்டாள். இரண்டாவது தடவை கேட்டும் வாங்கிக்கொண்டாள். வழிகாட்டிக்கு ஒரு பொட்டலம் கொடுத்தபோது அவரிடம், "காட்டைப் பத்திப் படிக்கறதுக்கு இங்க யாராவது வருவாங்களா?" என்று கேட்டாள். "வருவாங்க பாப்பா. பெரிய பெரிய படிப்புப் படிச்ச பொம்பளப் புள்ளைங்களே வந்து மாசக்கணக்கா இருப்பாங்க. பறவையை எண்ணுவாங்க, சாணியை எடுத்துப் பார்ப்பாங்க" என்றார்.

மேட்டுப்பாளையத்தில் வேளாண்மைப் பல்கலைக்கழகத்தின் வனக் கல்லூரி இருக்கிறது என்று அண்ணன் சொன்னார். அதற்கு அவள் மார்க் போதுமா, அடுத்த வருஷம்தான் விண்ணப்பிக்க முடியுமா, அல்லது இதுவும் நாலு நாள் ஆசைதானா, எதுவும் இன்னும் தெரியவில்லை. அவள் அப்பாவுக்கு இன்னும் பி.காம். பேரில்தான் நம்பிக்கை. வீட்டில் வாக்குவாதம் நடக்கிறது. ஆனால் வாக்குவாதம் நடப்பதற்கு இரண்டு பேர் பேச வேண்டுமல்லவா!

சேலை ஓரத்தில் பட்ட ரத்தக் கறை மூன்று அலசலுக்கும் போகவில்லை. தைப் பொங்கலுக்கு அண்ணன் வீட்டுக்குப் போகும்போது மறுபடி டாப்ஸ்லிப் போகலாம் என்று மருமகனிடம் அவளே போனில் சொல்லிவிட்டாள். இருவாச்சி பொந்துக்குள் போகிற சமயமாம் அது. பச்சைச் சேலை, காலுறை, பூ கூடாது என்று எனக்கு உத்தரவு போட்டிருக்கிறாள். "வளையல்?" என்று கேட்டேன். "அதைப் போட்டுக்கோ, பரவால்ல" என்றாள்.